ஹேசல் அத்தை பார்க்கவில்லை

நோர்லீன் பாட்டன் ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரத்தில் ஒரு சட்டக் கல்லூரியில் வகுப்பெடுக்கத் தொடங்கிப் பதினெட்டு வருஷமாகிறது. பெயருக்கு முன்னால் டாக்டர் என்று போட்டுக்கொள்ளலாம். ஆனால் வடக்கே சொந்த ஊரான ஸ்டோனி பூலில் அதைச் சொன்னால் போச்சு, பாதி ஊர் முழங்கால் வலியைக் காட்டிக்கொண்டு அவள் வண்டிக்குப் பக்கத்தில் வந்து நிற்கும். அங்கே அவளுக்குக் 'கேஸ்காரி' என்றுதான் பெயர். சின்னப் பிள்ளைகள்கூட அப்படித்தான் கூப்பிடும். அவளுக்கு அதில் கொஞ்சம் பெருமைதான்.

பிறந்தது பழங்குடிக் குடும்பத்தில், ஒரு மாட்டுப் பண்ணையில். அம்மா அங்கே சமையல்காரி. அம்மாவின் கைப்பக்குவத்தில் ஒரு துளிகூட மகளுக்கு வரவில்லை. நோர்லீன் போட்ட தேநீரைக் குடித்துவிட்டு ஒரு கிழவர் "எந்தக் குத்தத்துக்கு எனக்கு இந்தத் தண்டனை?" என்று கேட்டது இன்றும் ஊரில் பேச்சு. ஆனால் தட்டச்சு மட்டும் கை வந்த கலை. பத்தொன்பது வயதில் ஒரு சின்ன ஊர் நீதிமன்றத்தில் தட்டச்சு வேலை கிடைத்தது. அவள் தட்டிய தண்டனை உத்தரவுகளில் முக்கால்வாசிப் பெயர்கள் அவளுக்கு ஏதாவது ஒரு வகையில் சொந்தம்.

ஒரு வெள்ளிக்கிழமை காலையில் ஒரு வெள்ளைக்காரப் பையன் வழக்கு. குடித்துவிட்டு வேலியை உடைத்திருந்தான். எச்சரித்து அனுப்பினார்கள். மத்தியானம் அவளுடைய சித்தப்பா மகன் வழக்கு. அதே குடி, அதே வேலி. ஆறு மாதம் சிறை. நோர்லீன் இரண்டு தாளையும் எடுத்துக்கொண்டு நேரே நீதிபதி அறைக்குப் போனாள்.

"ஐயா, ரெண்டு தாள்லயும் எல்லாம் ஒண்ணுதான். பேரு மட்டும்தான் வேற. இதுல எதுல நான் தப்பாத் தட்டியிருக்கேன், பாத்துச் சொல்லுங்க."

திங்கட்கிழமை அவளுக்கு வேலையில்லை. போகட்டும், அந்த வேலை போனதால் எத்தனை பேர் பிழைத்தார்கள்! முப்பது வயதில், இரண்டு பிள்ளைகளையும் இழுத்துக்கொண்டு பெர்த்துக்குப் போய்ச் சட்டம் படித்தாள். பிறகு அதே சட்டத்தைச் சொல்லிக்கொடுத்தாள். அவள் செய்ததெல்லாம் ஒரே காரியம்தான். இரண்டு தாளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது. ஒரே குற்றம், இரண்டு நிறம். ஐயாயிரம் சோடித் தாள்களை அப்படி வைத்துப் பார்த்து அறுநூறு பக்கத்துக்கு ஒரு புத்தகம் எழுதினாள். அதோடு நிற்காமல் மாணவர்களைச் சேர்த்துக்கொண்டு, செய்யாத குற்றத்துக்கு உள்ளே கிடந்த ஏழு பேரை வெளியே கொண்டுவந்தாள். எட்டாவது ஆள்தான் அவளைப் பாடாய்ப் படுத்தினான்.

எட்டாவது ஆள் வேறு யாருமில்லை. அவளுடைய ஹேசல் அத்தையின் மகள் ஷரீனாவைக் கட்டிய கிளிஃப்டன்.

நடந்தது இதுதான். ஒரு சனிக்கிழமை காலை பத்தே கால் மணிக்கு, நெடுஞ்சாலை ஓரத்துப் பெட்ரோல் கடைக்காரரை யாரோ பின்னாலிருந்து பாட்டிலால் அடித்துப் போட்டுவிட்டு ஓடிவிட்டார்கள். மனிதர் பிழைத்தார், ஆனால் ஒரு கண் போய்விட்டது. அவர் பொய் சொல்லவில்லை. "முகத்தப் பாக்கல. உயரமா ஒரு கறுப்பு ஆளு, சிவப்புத் தொப்பி" என்றார். ஸ்டோனி பூல் கால்பந்துக் குழுவின் தொப்பி சிவப்பு. ஊரில் கைக்குழந்தைக்குக்கூட ஒன்று இருக்கும். அன்று மத்தியானம் மூன்று மணிக்குக் காவல்காரர்கள் சாலையில் நின்றபோது ஊருக்குள் வந்த முதல் சிவப்புத் தொப்பி கிளிஃப்டனுடையது. அதற்குமேல் அவர்கள் தேடவில்லை.

"காலைல எங்க இருந்த?"

"மீன் புடிச்சேன்."

"மீன் எங்க?"

"குடுத்துட்டேன்."

"யாருக்கு?"

பதில் இல்லை. போலீஸ் விசாரணைக் காகிதத்தில் பதினொரு இடத்தில் 'பதில் இல்லை' என்று இருக்கிறது. மீனே இல்லாத மீன்பிடி என்று அரசு வக்கீல் சிரித்தார். மூன்று நாள் விசாரணை. பன்னிரண்டு பேர் கொண்ட ஜூரியில் ஒரு கறுப்பு முகம் கிடையாது. மூன்று நாளும் கிளிஃப்டன் கூண்டில் தலையைத் தொங்கப் போட்டு, முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டே உட்கார்ந்திருந்தான். "இவரால உங்க முகத்த நிமிர்ந்து பாக்க முடியல, கவனிச்சீங்களா?" என்று அரசு வக்கீல் ஜூரியிடம் கேட்டார். கவனித்தார்கள். ஒன்பது வருஷம்.

மேல்முறையீடும் தோற்றது. இனி ஒரே ஒரு வழிதான் பாக்கி. முதல் விசாரணையில் யாருமே கேட்காத புதுச் சாட்சி வேண்டும். நோர்லீன் நாலு வருஷம் கடிதத்துக்கு மேல் கடிதம் போட்டாள். தடயவியல் நிபுணரைப் பிடித்தாள், தொப்பிகளை எண்ணினாள், ஜூரிகளைப் பற்றி நாற்பது பக்கம் எழுதினாள். "மீனை யாருக்குக் கொடுத்தாய்?" என்று சிறைக்கு எழுதிக் கேட்டால், "கொடுக்க வேண்டியவர்களுக்குக் கொடுத்தேன் அக்கா. மழை உண்டா அங்கே?" என்று பதில் வரும். ஒரு மாணவி அதைப் படித்துவிட்டு, "இவரு மேல எனக்கே சந்தேகமா இருக்கு மேடம்" என்றாள். நோர்லீன் அவளைப் பார்த்துக் கத்தினாள். கத்தியதற்குக் காரணம், அவளுக்கே அந்த வாரம் லேசாகச் சந்தேகம் தட்டியிருந்ததுதான்.

அந்த ஜூன் மாதம் அவள் ஊருக்கு வந்தது, இனிமேல் முடியாது என்று சொல்வதற்காக. கையில் ஒன்றும் இல்லை. இன்னும் ஐந்து வருஷம் அவன் உள்ளேதான். இதை ஷரீனாவிடமும் அவள் அம்மாவிடமும் எப்படிச் சொல்வது என்று பெட்ரோல் கடையிலிருந்து அத்தையின் ஆற்றங்கரைவரை எழுபது கிலோமீட்டர் மண்பாதை முழுக்க வண்டிக்குள் தனியாகப் பேசிப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

ஆற்றங்கரையில் மூன்று தகர வீடுகள், ஒரு தண்ணீர்த் தொட்டி, வாரத்துக்கு ஒரு முறை தபால் விமானம் இறங்க ஒரு மண்தரை. ஹேசல் அத்தை வீட்டு முன்னால் மரநிழலில் உட்கார்ந்து மீனைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். ஷரீனா அடுப்பில் ரொட்டி போட்டுக்கொண்டிருந்தாள்.

"வாடி கேஸ்காரி! என்னடி இப்பிடி ஊதிப்போய் வந்திருக்க? பெர்த்துல நாற்காலியே சாப்பாடு போடுதா?"

"நீங்க மட்டும் என்ன அத்த, கொடி மாதிரியா இருக்கீங்க?"

"எனக்கு வயசாச்சு. எனக்கு உரிமை இருக்கு. உக்காரு. இந்தா, இந்தக் கண்றாவியப் பாரு." அத்தை கையிலிருந்த மீனைத் தூக்கிக் காட்டினாள். மீசை வைத்த கெளுத்தி. "பெரிய மருமவன் அனுப்பினது. வாரா வாரம் கெளுத்தி! ஆத்துல வேற மீனே இல்லையாம். இத மனுஷன் திம்பானா? நாய்கூட மோந்து பாத்துட்டுப் போவுது."

"அம்மா, வாய வெச்சுக்கிட்டுச் சும்மா இரு" என்றாள் ஷரீனா. "அனுப்புறதே பெரிசு."

"நான் பொய்யா சொல்றேன்? நாலு வருஷமாச்சு நல்ல மீனு தின்னு. இவ ஆளு குடுப்பானே, கொடுவா! என் கை நீளத்துக்கு! கடைசியாக் குடுத்தது ரெண்டு கை நீளம் இருக்கும். பாதிய அந்த விமானக்காரனுக்கு வெட்டிக் குடுத்துட்டு, மிச்சத்த மூணு நாள் தின்னேன். அதோட சரி."

நோர்லீன் ரொட்டியை வாய்க்குக் கொண்டுபோனவள் அப்படியே நிறுத்தினாள். "கடைசியான்னா, எப்ப அத்த?"

"எப்பன்னா? அவனப் புடிச்சாங்களே, அன்னிக்குத்தான். காலைல."

"அன்னிக்குக் காலைல கிளிஃப்டன் இங்க வந்தானா?"

"ஏய், பேரச் சொல்லாதடி எம் முன்னால!" அத்தை அவசரமாக முந்தானையால் வாயைப் பொத்திக்கொள்வது போல் மேற்சட்டைக் கழுத்தை இழுத்து மூடிக்கொண்டாள். "வந்தான். வீட்டுக்குப் பின்னால நின்னு கூரை மேல கல்லு போட்டான். டொக்குனு சத்தம் கேட்டுச்சு. நான் சுவத்தப் பாத்துத் திரும்பிக்கிட்டேன். மீன மரத்துல மாட்டிட்டுப் போயிட்டான். இவ ஊர்ல இல்ல, குழந்தைக்கு ஊசி போடப் போயிருந்தா. இல்லேன்னா இவதான் வாங்கித் தந்திருப்பா."

மாமியாரும் மருமகனும் ஒருவரை ஒருவர் பார்க்கக் கூடாது, பேசக் கூடாது, பெயர் சொல்லக் கூடாது. ஆனால் மாமியாருக்கு மீன் குறையக் கூடாது. கூரை மேல் கல் விழுந்தால், மருமகன் மீனோடு வந்திருக்கிறான், திரும்பிக்கொள் என்று அர்த்தம். மரியாதை என்றால் அவ்வளவு மரியாதை. இந்த ஆற்றங்கரையில் அது எல்லார் வீட்டிலும் நடக்கிறதுதான். கிளிஃப்டன் மீனை யாருக்குக் கொடுப்பான் என்று ஸ்டோனி பூலில் எந்த ஆளைக் கேட்டாலும் சொல்லியிருப்பார்கள். எல்லாருக்கும் தெரிந்த விஷயம் நீதிமன்றத்துக்கு மட்டும் தெரியாமலா இருக்கும் என்று எல்லாருமே நினைத்துக்கொண்டார்கள். கிளிஃப்டனும் அப்படியே நினைத்தான்.

"அத்த, போலீஸ்காரங்க உங்கள ஒண்ணும் கேக்கலியா?"

"கேட்டாங்களே. 'அன்னிக்கு அந்த ஆளப் பாத்தீங்களா?'ன்னாங்க. நான் பாக்கலன்னேன்."

"ஏன் அப்பிடிச் சொன்னீங்க!"

"பின்ன, பாத்தேன்னு பொய் சொல்லச் சொல்றியா? மாமியாக்காரி நான், பாப்பனாடி? என்ன பழக்கம் இது, பெர்த்துக்குப் போனா மானம் மரியாதை எல்லாம் போயிருமா?"

நோர்லீனுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. 'பார்க்கவில்லை' என்ற அந்த ஒற்றை வரித் தாள் கோப்பில் இருந்தது. இருபது முறை படித்திருக்கிறாள். ஒவ்வொரு முறையும் வெள்ளைக்கார வக்கீல் மாதிரியே படித்துவிட்டு அடுத்த தாளுக்குப் போயிருக்கிறாள். மாமியாரிடம் போய் மருமகனைப் பார்த்தாயா என்று கேட்டிருக்கிறார்களே, இது ஒரு கேள்வியா என்று அவளுக்கு ஒரு தடவைகூடத் தோன்றவில்லை. ஐயாயிரம் சோடித் தாளைப் பார்த்தவளுக்குச் சொந்த அத்தை சொன்னது கண்ணில் படவில்லை! அவள் தலையில் தானே அடித்துக்கொண்டாள்.

"இன்னொண்ணு அத்த. விசாரணையப்ப நீங்க எங்க உக்காந்திருந்தீங்க?"

"முன் வரிசைல. இவளத் தனியா விடச் சொல்றியா? மூணு நாளும் தலைல துணியப் போட்டுக்கிட்டுத் திரும்பித்தான் உக்காந்திருந்தேன். கழுத்து வலி இன்னும் போகல."

ஷரீனா ரொட்டியைக் கருகவிட்டுவிட்டு எழுந்தாள். "அக்கா... அவரு தலையத் தொங்கப்போட்டிருந்தாரே. அது எங்கம்மாவாலயா?"

அத்தை முகம் மாறிவிட்டது. கையிலிருந்த கெளுத்தி நழுவி மண்ணில் விழுந்தது. நாலு வருஷமாக அவளுக்கு அது தெரியாது. துணைக்குப் போய் உட்கார்ந்த தானே அவனை உள்ளே தள்ளிவிட்டோமா என்று அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. 

பிறகு அத்தை எழுந்து கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள். "எந்த ஜட்ஜுகிட்டடி சொல்லணும்? கூட்டிட்டுப் போ."

அதற்கு அடுத்த ஏழு மாதம் நோர்லீன் என்ன பாடுபட்டாள் என்று சொன்னால் கதை நீளும். தபால் விமானக்காரர் ஓய்வுபெற்று எங்கோ தெற்கே ஆடு வளர்த்துக்கொண்டிருந்தார். அவருடைய நாட்குறிப்பில் அந்தச் சனிக்கிழமைக்கு நேராக, 'பத்து மணி, இறக்கம். ஹேசலிடமிருந்து அரைக் கொடுவா, ஈரம் காயாதது' என்று எழுதியிருந்தது. பெட்ரோல் கடையோ அங்கிருந்து எழுபது கிலோமீட்டர், கால் மணி நேரத்தில் யாரும் போய்ச் சேர முடியாது. மகராசன், நல்லா இருக்கட்டும். ஆனால் அந்த மீனைப் பிடித்துக் கொடுத்தது யார் என்பதற்கு அத்தை ஒருத்திதான் சாட்சி. அவளோ பார்க்கவில்லை.

விசாரணை ப்ரூம் நகரத்தில் நடந்தது. மூன்று நீதிபதிகள் விமானத்தில் வந்தார்கள். அத்தையையும் கிளிஃப்டனையும் ஒரே அறையில் வைக்கக் கூடாது என்று நோர்லீன் ஆறு கடிதம் எழுதியிருந்தாள். நீதிமன்றக்காரர்களும் நல்ல மனதோடு ஒரு ஏற்பாடு செய்திருந்தார்கள். கிளிஃப்டனைச் சிறையிலேயே ஒரு அறையில் உட்கார வைத்து, அங்கிருந்தே விசாரணையைப் பார்க்கிற மாதிரி காமிரா வைத்துவிட்டார்கள். ஆள்தான் இங்கே இல்லையே, பிரச்சினை தீர்ந்தது என்று அவர்களுக்கு நினைப்பு.

அத்தை புதுப் பூப்போட்ட சட்டை போட்டுக்கொண்டு உள்ளே நுழைந்தாள். எதிர்ச் சுவரில் கதவளவுக்கு ஒரு டிவி. அதில் முழுக்க மருமகனின் முகம். மூக்குத் துவாரம் ஒவ்வொன்றும் கைப்பிடி அகலம்.

"ஐயோ, ஐயோ!" என்று அத்தை போட்ட கூச்சலில் காவலர் துப்பாக்கிப் பையைத் தொட்டுப் பார்த்தார். அத்தை கைப்பையைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு சுவரோடு ஒட்டிக்கொண்டாள். அதே நொடியில் டிவியில் கிளிஃப்டன் நாற்காலியோடு ஒரே சுழற்று சுழன்றான். தலை தொங்கிவிட்டது, முகம் சுவர்ப்பக்கம் போய்விட்டது, தோள் இரண்டும் காதுவரை ஏறிவிட்டன. பக்கத்திலிருந்த சிறைக்காவலர் திருப்பப் பார்த்தார். ஆள் அசையவில்லை.

நோர்லீன் யோசிக்கவில்லை. போட்டிருந்த கறுப்பு அங்கியைக் கழற்றி டிவி மேல் வீசினாள். நல்ல வேளை, அவள் உடம்புக்குத் தைத்த அங்கி, டிவியை முழுசாக மூடியது.

"டாக்டர் பாட்டன்," என்றார் நடுவிலிருந்த நீதிபதி, கண்ணாடி போட்ட ஒரு அம்மாள். "நீதிமன்றத்துல இது என்ன?"

"மன்னிக்கணும் அம்மா. அங்கிய அப்புறம் போட்டுக்கறேன். இப்ப நீங்க மூணு பேரும் பாத்தத மட்டும் தயவுசெஞ்சு பதிவு பண்ணச் சொல்லுங்க. முதல் விசாரணையில ஜூரி மூணு நாள் பாத்தது இதத்தான். அன்னிக்கு இந்த அம்மா முன் வரிசைல உக்காந்திருந்தாங்க."

நீதிபதி அம்மாள் அங்கி மாட்டிய டிவியைப் பார்த்தார். பைக்குள் தலையை வைத்திருந்த ஹேசலைப் பார்த்தார். பிறகு பேனாவை எடுத்து நிதானமாக எழுதினார்.

அத்தையைத் தேற்றித் தண்ணீர் கொடுத்துக் கூண்டில் ஏற்றினார்கள். அரசு வக்கீல் எழுந்தார்.

"மேல்முறையீடு செஞ்சிருக்கறவர் பேர் உங்களுக்குத் தெரியுமா?"

"நல்லாத் தெரியும். சொல்ல மாட்டேன்."

"சரி. அன்னிக்குக் காலைல பத்து மணிக்கு அவரப் பாத்தீங்களா?"

"பாக்கல."

"பாக்கல. ஆனா கல்லு போட்டது அவர்தான்னு சொல்றீங்க. வேற யாராவது போட்டிருக்கலாமே?"

"வேற யாராவது போட்டிருந்தா எட்டிப் பாத்து நல்லாத் திட்டியிருப்பேன். எங்கூரு ஆளுங்களக் கேளுங்க, தெரியும்."

பின் வரிசையில் ஊர்க்காரர்கள் சிரித்தார்கள். காவலர் அதட்டினார்.

"உங்களுக்கு இன்னொரு மருமகன் இருக்காராமே. அவரா இருந்தா?"

"அவன் கொண்டாந்தா கெளுத்தியாத்தான் இருக்கும். அதுவும் அவன் அன்னிக்கு டெர்பி ஊரு ஆஸ்பத்திரில கால உடைச்சுக்கிட்டுக் கிடந்தான். கேட்டுப் பாருங்க."

"அம்மா, நீங்க பாக்காத ஒருத்தர எப்படி அடையாளம் சொல்றீங்க? அதத்தான் கேக்கறேன்."

அத்தைக்குக் கோபம் வந்துவிட்டது. கூண்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். "ஏம்ப்பா, உனக்கு எத்தன தடவ சொல்றது? இந்த உலகத்துல யார வேணாலும் நான் பாப்பேன். உன்னப் பாக்கறேன், அந்த அம்மாவப் பாக்கறேன், போலீஸ்காரனப் பாக்கறேன். பாக்கக் கூடாதவங்க எனக்கு ரெண்டே பேருதான். ஒருத்தன் ஆஸ்பத்திரில இருந்தான். நான் அன்னிக்குத் திரும்பிக்கிட்டேன். யாருக்காகத் திரும்பிக்கிட்டேன்? காத்துக்காகவா?"

அரசு வக்கீல் கொஞ்ச நேரம் தாளைப் புரட்டினார். பிறகு உட்கார்ந்துவிட்டார்.

நோர்லீன் அன்று ஜூரிகளைப் பற்றி எழுதிய நாற்பது பக்கத்தையும் பேசினாள். பேச வேண்டியதுதானே. ஒரு ஆள் மரியாதையாக நடந்துகொண்டதைக் குற்ற உணர்ச்சி என்று பன்னிரண்டு பேர் படித்தார்கள், அந்த மரியாதை தெரிந்த ஒரு ஆள்கூட அந்தப் பன்னிரண்டில் இல்லை, அது தற்செயல் இல்லை என்றாள். சிவப்புத் தொப்பி போட்ட வெள்ளைக்காரர்கள் பதினாலு பேர் அந்தக் குழுவுக்கு ஆடியிருக்கிறார்கள், கடைக்காரர் 'வெள்ளை ஆள்' என்று சொல்லியிருந்தால் இவர்களில் ஒருவரை மட்டும் பிடித்துவைத்துக்கொண்டு தேடுவதை நிறுத்தியிருப்பீர்களா என்றாள்.  

ஆறு வாரம் கழித்துத் தீர்ப்பு வந்தது. தண்டனை ரத்து, கிளிஃப்டன் விடுதலை. கடைக்காரரை அடித்தது யாரென்று இன்றுவரை தெரியாது. அவருக்கும் நியாயம் கிடைக்கவில்லை, அதையும் நோர்லீன் வகுப்பில் சொல்லுவாள். அவளுடைய மாணவர்கள் சிறைக்குப் போகும்போது எடுத்துச்செல்லும் கேள்வித் தாளில் இப்போது முதல் கேள்வி, 'அன்று யாரைப் பார்க்காமல் திரும்பிக்கொண்டாய்?' சந்தேகப்பட்டாளே அந்த மாணவி, அவள்தான் அதைத் தட்டச்சு செய்தாள்.

கிளிஃப்டன் விடுதலையாகி வந்த அடுத்த சனிக்கிழமை நோர்லீன் ஆற்றங்கரைக்கு வந்திருந்தாள். ஷரீனா ஊரிலிருந்து இன்னும் வந்து சேரவில்லை. ஹேசல் அத்தை காலையிலிருந்து அடுப்பைப் பற்றவைத்து, எண்ணெயைக் காயவைத்து, அணைத்து, மறுபடி பற்றவைத்துக்கொண்டிருந்தாள்.

பத்து மணி இருக்கும். கூரை மேல் டொக்கென்று ஒரு கல் விழுந்தது.

அத்தை சட்டென்று சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாள். அவள் முதுகு குலுங்குவதை நோர்லீன் பார்த்தாள். மெதுவாகப் பின்பக்கம் போய் எட்டிப் பார்த்தாள்.

"வந்திருக்கானா?" என்றாள் அத்தை, சுவரைப் பார்த்தபடியே.

"வந்திருக்கான் அத்த."

"இளைச்சிருக்கானா?"

"ரொம்ப. தலையும் நரைச்சிருக்கு."

"சிரிக்கிறானா?"

"சிரிக்கிறான். போறான், அதோ, ஆத்துப் பக்கம்."

அத்தை மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "மீனு எவ்வளவு பெரிசு?"

நோர்லீன் மரத்துக்குப் போய்ப் பார்த்தாள். நாலு வருஷத்துக்கு மேல் தூண்டிலைத் தொடாத கை. கொக்கியில் தொங்கியது ஒரு முழங்கூட இல்லாத கெளுத்தி. மீசையோடு.

எடுத்துக்கொண்டு வந்து அத்தையின் கையில் கொடுத்தாள். அத்தை அதைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். நோர்லீன் வசவுக்காகக் காத்திருந்தாள்.

"என்னடி பாத்துக்கிட்டு நிக்கற?" என்றாள் ஹேசல் அத்தை, கண்ணைத் துடைத்துக்கொண்டு. "கத்தியக் கொண்டா. நல்ல மீனு, எண்ணெ ஆறிப்போறதுக்குள்ள பொரிக்கணும்."

தலையைக்கூட மிச்சம் வைக்கவில்லை.